ஒரு நடிகையின் வாழ்க்கையை எழுத உட்காருபவர்களுக்கு

முதன்முதலாக ஒரு நடிகையைப் பற்றி எழுத உட்காருபவர்களில் பெரும்பாலோர் ஒரே வாக்கியத்தில்தான் தொடங்குகிறார்கள்: “தமிழ்த் திரையுலகில் தனக்கென ஒரு தனி இடத்தைப் பிடித்தவர்.” கட்டுரை முடியும் இடத்துக்குச் சற்று முன்னால் இன்னொரு வாக்கியம் தவறாமல் வந்துவிடும்: “பட வாய்ப்புகள் குறைந்ததால் சின்னத்திரைக்கு வந்தார்.” முதல் வாக்கியம் யாருக்கு வேண்டுமானாலும் பொருந்தும் என்பதால் யாரைப் பற்றியும் எதையும் சொல்வதில்லை. இரண்டாவது வாக்கியம் அதைவிடக் கெடுதல் செய்கிறது. ஒரு பெண் பத்துப் பதினைந்து ஆண்டுகள் பார்த்த வேலையை ஒரே வரியில் சறுக்கல் என்று முத்திரை குத்தி ஒதுக்கிவிடுகிறது.

இந்த இரண்டு வாக்கியங்களின் துணை இல்லாமல் ஒரு நடிகையின் வாழ்க்கையை எப்படி எழுதுவது என்று புதியவர்களுக்குச் சொல்ல விரும்புகிறேன். பத்திரிகைக்கு எழுதினாலும், நினைவு மலருக்கு எழுதினாலும், கலைக்களஞ்சியப் பதிவுக்கு எழுதினாலும் அடிப்படை வேலை ஒன்றுதான். அவர் என்ன வேலை செய்தார், எப்போது செய்தார், யாரோடு செய்தார், அதை எப்படிச் செய்தார் என்பதை முதலில் தேடி எடுக்க வேண்டும். மற்றவை எல்லாம் அதற்குப் பிறகு.

பெயரில் தொடங்குங்கள்

நம் திரையுலகில் ஒரு நடிகைக்கு ஒரே பெயர் இருப்பது அபூர்வம். பெற்றோர் வைத்த பெயர், நாடகக் கம்பெனி வைத்த பெயர், தயாரிப்பாளர் மாற்றிய பெயர், ரசிகர்கள் ஒட்டவைத்த அடைமொழி என்று ஒவ்வொன்றும் ஒவ்வொரு காலத்துப் பத்திரிகையில் இருக்கும். கோபிசாந்தா என்ற சிறுமி பள்ளத்தூர் மேடைகளில் ‘பள்ளத்தூர் பாப்பா’ ஆகி, பின்பு மனோரமா ஆகி, கடைசியில் ஆச்சி ஆனார். இந்த நான்கு பெயர்களையும் தெரிந்துகொள்ளாமல் அவருடைய நாடகக் காலத்தைத் தேடப் போனால் வெறுங்கையோடுதான் திரும்ப வேண்டும்.

படத்தின் பெயரே நடிகையின் பெயரோடு சேர்ந்துவிடுவதும் உண்டு. 1950இல் வந்த ‘ஷாவுகாரு’ என்ற தெலுங்குப் படத்தில் நடித்ததால் ஜானகி, சௌகார் ஜானகி ஆனார். 1965இல் வந்த ‘வெண்ணிற ஆடை’யில் அறிமுகமான நிர்மலா, வெண்ணிற ஆடை நிர்மலா ஆனார். ஊர்வசி என்ற பெயரில் இன்னும் கவனம் தேவை. சிறந்த நடிகைக்கான தேசிய விருதுக்கு ஒரு காலத்தில் ‘ஊர்வசி’ விருது என்று பெயர். மலையாளத் ‘துலாபாரம்’ படத்துக்காக அதைப் பெற்ற சாரதாவை ‘ஊர்வசி’ சாரதா என்றார்கள். 1983இல் ‘முந்தானை முடிச்சு’ படத்தில் வந்த ஊர்வசி வேறொருவர். பழைய செய்தித்தாளில் ‘ஊர்வசி’ என்று கண்டதும் குறித்துக்கொண்டு வந்துவிடாதீர்கள். பத்திரிகையின் தேதியையும் பாருங்கள்.

‘குமாரி’ என்ற முன்னொட்டும் புதியவர்களைக் குழப்பும். அது பெரும்பாலும் இளமையில் வைத்த திரைப் பெயரின் பகுதி. திருமணத்துக்குப் பிறகும் டைட்டில் கார்டில் நீடிக்கும். 1945இல் வந்த ‘ஸ்ரீ வள்ளி’யில் நடித்த குமாரி ருக்மணி, நடிகை லட்சுமியின் தாயார். லட்சுமியின் மகள் ஐஸ்வர்யாவும் நடிகை. மூன்று தலைமுறையும் நடித்த குடும்பம் அது. இப்படி ஒரு தொடர்ச்சி கிடைத்தால் அதற்கு இரண்டு பத்தி கொடுங்கள். அதுவும் குடும்பச் செய்திதான். அதே சமயம் தொழில் வரலாறும் அதில் இருக்கிறது.

இந்தப் படியில் செய்ய வேண்டிய வேலை எளிது. ஒரு தாளின் தலைப்பில் அவருடைய எல்லாப் பெயர்களையும், ஒவ்வொரு பெயரின் எல்லா எழுத்து வடிவங்களையும் எழுதிக்கொள்ளுங்கள்: ஜானகி, சவுகார், சௌகார், ஷாவுகார். இனி எந்த நூலகத்தில் எந்தப் பட்டியலைத் திறந்தாலும் இந்தத் தாள் பக்கத்தில் இருக்க வேண்டும்.

இதை நான் வலியுறுத்துவதற்குக் காரணம் உண்டு. தொடக்க காலத்தில் ஒரு நினைவு மலருக்கு எழுதியபோது, மறைந்த ஒரு குணச்சித்திர நடிகையின் கணக்கில் அதே பெயர் கொண்ட இன்னொருவரின் மூன்று படங்களைச் சேர்த்துவிட்டேன். மலர் வெளியான பிறகு அவருடைய மகள் தொலைபேசியில் அழைத்தார். கோபப்படவில்லை. “அம்மா நடித்த படத்தை விட்டுவிட்டு, நடிக்காத படத்தைப் போட்டிருக்கிறீர்களே, ஐயா” என்று மட்டும் சொன்னார். அச்சான மலரைத் திருத்த முடியவில்லை. அன்றிலிருந்து பெயர்த் தாள் இல்லாமல் நான் எதையும் தொடங்குவதில்லை.

படப் பட்டியல்

வாழ்க்கைக் குறிப்பை எழுதும் முன்பே பட்டியலைப் போட்டுவிடுங்கள். பிறந்த ஊர், படித்த பள்ளி என்று தொடங்கினால் கை தானாகக் கதை சொல்லப் போய்விடும். பட்டியல் இருந்தால் கதை தன் இடத்தில் நிற்கும்.

பட்டியலுக்கு முதல் சான்று டைட்டில் கார்டு. படத்தைப் பார்த்து, பெயர் வரும் இடத்தில் நிறுத்தி, எழுத்து எழுத்தாகக் குறித்துக்கொள்ளுங்கள். எத்தனையாவது பெயராக வருகிறது, தனியாக வருகிறதா, ‘மற்றும்’ என்ற சொல்லுக்குப் பின் வருகிறதா, ‘அறிமுகம்’ என்று இருக்கிறதா என்பதையும் எழுதுங்கள். ஒரு நடிகையின் இடம் ஏறுவதையும் மாறுவதையும் இந்த வரிசை சொல்லிவிடும். இணையத்திலும் தொலைக்காட்சியிலும் கிடைக்கும் பிரதிகளில் டைட்டில் வெட்டப்பட்டிருப்பது உண்டு. அப்போது அடுத்த சான்றுக்குப் போக வேண்டும்.

அடுத்த சான்று பாட்டுப் புத்தகம். திரையரங்க வாசலில் சில்லறைக் காசுக்கு விற்ற சில பக்க வெளியீடு அது. நடிகர்கள் ஒரு பக்கம், நடிகைகள் ஒரு பக்கம், அதன்பின் கதைச் சுருக்கம். சுருக்கம் உச்சக்கட்டத்துக்கு வந்ததும் “மீதியை வெள்ளித்திரையில் காண்க” என்று நின்றுவிடும். பிரதியே மிஞ்சாத படங்களுக்கு இந்தத் தாள்கள்தாம் பெரிய துணை. 1931 அக்டோபர் 31 அன்று வெளியான ‘காளிதாஸ்’ படத்தின் பிரதி இன்று இல்லை. அதன் நாயகி டி.பி. ராஜலட்சுமி 1936இல் ‘மிஸ் கமலா’வை இயக்கியவர். தமிழில் படம் இயக்கிய முதல் பெண்மணியின் வேலையைக்கூட நாம் விளம்பரம், பாட்டுப் புத்தகம், பத்திரிகைக் குறிப்பு ஆகியவற்றைக் கொண்டுதான் அறிய வேண்டியிருக்கிறது. ஆனால் பாட்டுப் புத்தகம் படம் வெளியாகும் முன்பே அச்சாகிவிடும். கடைசி நேரத்தில் வெட்டப்பட்ட வேடமும் அதில் பெயரோடு இருக்கலாம். ஆகவே ஒரு சான்று போதாது; இரண்டு வேண்டும்.

எங்கே தேடுவது? சென்னை தரமணியில் உள்ள ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்துக்கு ஒரு முறையாவது போய் வாருங்கள். கோட்டையூர்க்காரர் ஒருவர் தன் வாழ்நாள் முழுதும் சேர்த்த நூல்களும் இதழ்களும் பாட்டுப் புத்தகங்களும் நோட்டீசுகளும்தான் அதன் அடித்தளம். எழும்பூர் கன்னிமாரா நூலகத்தில் பழைய நாளிதழ்களையும் வார இதழ்களையும் பார்க்கலாம். ‘பேசும் படம்’, ‘குண்டூசி’, ‘பொம்மை’ போன்ற சினிமா இதழ்கள் கிடைக்கும் இடமெல்லாம் புரட்டுங்கள். புனேயில் 1964இல் தொடங்கப்பட்ட தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் இருக்கிறது. தமிழ்ப் படங்களின் விவரங்களைத் தனி ஒருவராகச் சேர்த்துவைத்த பிலிம் நியூஸ் ஆனந்தனின் உழைப்பையும் எங்காவது சந்திக்காமல் இருக்க மாட்டீர்கள். அவர் 2016இல் மறைந்தார். இன்று நாம் எடுத்தாளும் பல பட்டியல்களுக்கு வேர் அவருடைய குறிப்புகள்தாம்.

‘முதல் படம்’ என்ற சொல்லைப் பயன்படுத்தும் முன் ஒரு கேள்வி கேட்டுக்கொள்ளுங்கள்: எது முதல்? முதலில் ஒப்பந்தமானதா, முதலில் கேமரா முன் நின்றதா, முதலில் வெளியானதா, முதலில் நாயகியாக நடித்ததா? ஸ்ரீதேவி 1960களின் இறுதியிலேயே குழந்தை நட்சத்திரமாகத் திரைக்கு வந்துவிட்டார். 1976இல் வந்த ‘மூன்று முடிச்சு’ அவர் நாயகியாக நின்ற படம். இரண்டையும் ‘அறிமுகம்’ என்று எழுதுகிறார்கள். எந்தப் பொருளில் என்று நீங்கள் ஒரு சொல் சேர்த்துவிட்டால் சண்டையே இல்லை.

எண்ணிக்கையிலும் நிதானம் வேண்டும். மனோரமா ஆயிரம் படங்களுக்கு மேல் நடித்தவர் என்பதற்காகக் கின்னஸ் புத்தகத்தில் இடம்பெற்றவர். ஆனால் ஆயிரத்துக்கு மேல் எத்தனை என்பது நூலுக்கு நூல் மாறுகிறது. உங்கள் நடிகை நடித்த படங்கள் முந்நூறு என்று எல்லோரும் எழுதியிருந்து, உங்கள் பட்டியலில் நூற்றெழுபது மட்டும் உறுதியானால், ‘உறுதி செய்யப்பட்டவை நூற்றெழுபது’ என்று எழுதத் தயங்காதீர்கள். அது அவருக்குக் குறைவில்லை.

சின்னத்திரை ஆண்டுகள்

இந்தப் பகுதியில் கொஞ்சம் நின்று பேச வேண்டும். அதிக அலட்சியமும் அதிகத் தவறும் நடக்கும் இடம் இதுதான்.

முதலில் காலத்தைப் புரிந்துகொள்ளுங்கள். சென்னைத் தொலைக்காட்சி 1975 ஆகஸ்ட் 15 அன்று ஒளிபரப்பைத் தொடங்கியது. சன் டிவி 1993 ஏப்ரல் 14 அன்று வந்தது. தூர்தர்ஷன் காலத்துத் தொடர்கள் பெரும்பாலும் வாரம் ஒன்றாக, சில வாரங்களில் முடிந்துவிடுபவை. சுஹாசினி 1991இல் இயக்கிய ‘பெண்’ அந்தக் காலத்துக்கு ஒரு நல்ல எடுத்துக்காட்டு: ஒவ்வொரு பகுதியும் தனிக் கதை. பிறகு தனியார் சேனல்களில் திங்கள் முதல் வெள்ளி வரை ஓடும் நெடுந்தொடர் வந்தது. இரண்டையும் ‘சீரியல்’ என்ற ஒரே சொல்லில் அடைத்தால், நடிகையின் வேலை எப்படி மாறியது என்பது வாசகருக்குத் தெரியாமலே போய்விடும்.

அடுத்து, கணக்குப் போட்டுப் பாருங்கள். தேவயானி நடித்த ‘கோலங்கள்’ 2003 இறுதியில் தொடங்கி 2009 இறுதியில் முடிந்தது. 1,500க்கும் மேற்பட்ட பகுதிகள். விளம்பரம் போக ஒரு பகுதிக்கு இருபது நிமிடம் என்று வைத்துக்கொண்டாலும் முப்பதாயிரம் நிமிடம். அதாவது ஐந்நூறு மணி நேரம். இரண்டரை மணி நேரப் படங்களாக மாற்றினால் இருநூறு படங்கள். எல்லாக் காட்சியிலும் அவர் இல்லை என்று பாதியைக் கழித்துவிடுங்கள். அப்போதும் நூறு படங்களின் நீளம். ஆறு ஆண்டுகள் ஒரே பாத்திரத்தைத் தூக்கிச் சுமந்த இந்த உழைப்பை, “பின்னர் தொலைக்காட்சித் தொடர்களிலும் நடித்தார்” என்ற ஒட்டுவரியில் முடிப்பது எனக்கு அநியாயமாகப் படுகிறது.

ராதிகாவைப் பாருங்கள். 1978இல் ‘கிழக்கே போகும் ரயில்’ படத்தில் வந்தவர். 1999இல் தொடங்கிய ‘சித்தி’ தொடரில் அவர் நடித்தது மட்டுமில்லை. தயாரிப்பு நிறுவனமும் அவருடையது. சம்பளம் வாங்கும் இடத்திலிருந்து சம்பளம் கொடுக்கும் இடத்துக்குப் போனவரை ‘வாய்ப்பு குறைந்து வந்தவர்’ என்று எப்படி எழுத முடியும்? ஆகவே தொடர்களைப் பட்டியலிடும்போது நடிப்பு, தயாரிப்பு, இயக்கம், கதை என்று தனித்தனிக் கட்டங்கள் போடுங்கள். பல நடிகைகளின் வாழ்க்கையில் காலியாகத் தெரியும் ஆண்டுகள் இந்தக் கட்டங்களில்தான் நிரம்பியிருக்கும்.

தலைப்பு ஒற்றுமையால் வரும் குழப்பமும் இங்கேதான் அதிகம். ‘சித்தி’ என்று 1966இல் பத்மினி நடித்த படம் உண்டு. ‘வாணி ராணி’ என்று 1974இல் வாணிஸ்ரீ இரட்டை வேடத்தில் நடித்த படம் உண்டு. 2013இல் தொடங்கிய ‘வாணி ராணி’ தொடரில் ராதிகாவுக்கும் இரட்டை வேடம். ‘ராஜா ராணி’ 1956இலும் 2013இலும் படம், 2017இல் தொடர். உங்கள் பட்டியலில் ஒவ்வொரு தலைப்புக்குப் பக்கத்திலும் ஆண்டும், படமா தொடரா என்பதும், தொடரானால் சேனலும் கட்டாயம் இருக்கட்டும்.

தொடரில் ஒருவர் முதலிலிருந்து கடைசிவரை இருந்தார் என்று தானாக முடிவு கட்டாதீர்கள். “இவருக்குப் பதில் இவர்” என்று ஒரு நாள் திரையில் போட்டுவிட்டு, அதே பாத்திரத்தில் வேறொருவர் வந்து உட்காருவதை நாம் எல்லோரும் பார்த்திருக்கிறோம். எந்தப் பகுதியிலிருந்து எந்தப் பகுதிவரை என்று குறியுங்கள். சேனல்களும் தயாரிப்பாளர்களும் இணையத்தில் ஏற்றியுள்ள பகுதிகளில் முதலாவதையும் கடைசியையும் நடுவில் ஆறேழையும் பார்த்தாலே ஓரளவு பிடிபட்டுவிடும். இணையத்தில் இல்லாத பழைய தொடர்களுக்கு நாளிதழ்களின் தொலைக்காட்சி நிகழ்ச்சிப் பட்டியல் உதவும்.

நடிப்பை எப்படிப் பார்ப்பது என்றும் சொல்கிறேன். நெடுந்தொடர்ப் படப்பிடிப்பில் வசனத் தாள் அன்று காலையில் கைக்கு வருவது சகஜம். உதவி இயக்குநர் கேமராவுக்குப் பின்னால் நின்று வரி வரியாகச் சொல்ல, நடிகை அதைக் காதில் வாங்கிய மறுகணமே தன் சொந்தப் பேச்சுப் போலச் சொல்ல வேண்டும். காதில் ஒரு வரி, வாயில் அதற்கு முந்தைய வரி, கண்ணில் அந்தக் காட்சியின் துக்கம். வசனம் முடிந்த பிறகுதான் இன்னும் கடினமான வேலை தொடங்குகிறது. கேமரா ஒவ்வொரு முகமாகப் போகும். பின்னணி இசை பிறகுதான் சேரும் என்பதால், நிசப்தத்தில், பேச ஒன்றும் இல்லாமல், முகத்தை அப்படியே பிடித்து வைத்திருக்க வேண்டும். புருவம் சற்று அதிகமாக ஏறினால் காட்சி கேலியாகிவிடும், ஏறாவிட்டால் வெறுமையாகிவிடும். சத்தத்தை அணைத்துவிட்டு ஒரு காட்சியைப் பாருங்கள். நல்ல நடிகை கழுத்தை அசைக்காமல் மூச்சை மட்டும் மாற்றி அந்தச் சில விநாடிகளைக் கடப்பது தெரியும். அதை இரண்டு வரியில் எழுதுங்கள். ‘அபாரமாக நடித்திருந்தார்’ என்ற சொல்லுக்குத் தேவையே இருக்காது.

குரல் யாருடையது என்றும் சரிபாருங்கள். ‘அவருடைய கம்பீரமான குரல்’ என்று எழுதிய பிறகு, அந்தப் படத்தில் டப்பிங் கொடுத்தவர் வேறொருவர் என்று தெரிந்தால் தலைகுனிவு. ‘கோலங்கள்’ தொடரில் நடித்த தீபா வெங்கட் சிம்ரன், நயன்தாரா போன்றவர்களுக்குக் குரல் கொடுத்தவர். அதாவது சின்னத்திரையில் முகம், பெரியதிரையில் குரல். டப்பிங் உழைப்பு உங்கள் நடிகைக்கு இருந்தால் அதற்கும் தனிப் பட்டியல் போடுங்கள்.

விருதும் ஆண்டும்

விருதில் பெயரைவிட ஆண்டில்தான் தவறு நடக்கிறது. தேசிய விருது ஒரு ஆண்டின் படங்களுக்கு அடுத்த ஆண்டிலோ அதற்கும் பிறகோ அறிவிக்கப்படும். 2010 டிசம்பரில் வந்த ‘தென்மேற்குப் பருவக்காற்று’ படத்துக்காகச் சரண்யா பொன்வண்ணன் பெற்றது 2010ஆம் ஆண்டுக்கான விருது. அறிவிப்பு வந்தது 2011இல். அதோடு, எந்த ஆண்டின் படம் என்பதை அவர்கள் சென்சார் சான்றிதழின் தேதியைக் கொண்டு கணக்கிடுவார்கள். அர்ச்சனாவுக்கு ‘வீடு’ படத்துக்காகக் கிடைத்தது 1987ஆம் ஆண்டுக்கான விருது. படம் திரையரங்குக்கு வந்தது 1988இல். இரண்டு எண்ணும் சரிதான். எது எதற்கு என்று எழுதினால் போதும்.

மாநில அரசு விருதுகளில் இடைவெளி இன்னும் நீளும். 2009 முதல் 2014 வரையிலான படங்களுக்கான தமிழக அரசு விருதுகள் 2017இல் ஒரே மொத்தமாக அறிவிக்கப்பட்டு, 2022 செப்டம்பரில் வழங்கப்பட்டன. ‘2022இல் சிறந்த நடிகை விருது பெற்றார்’ என்று எழுதினால் வாசகர் 2021ஆம் ஆண்டுப் படத்தைத் தேடிப்போவார். கலைமாமணி தனி, அது இயல் இசை நாடக மன்றம் வழியாக வருவது, ஒரு படத்துக்காகத் தரப்படுவதில்லை. பத்ம விருதுகளுக்குப் பிரச்சினையே இல்லை. ஆண்டு தெளிவாக இருக்கும். மனோரமாவுக்கு 2002, சௌகார் ஜானகிக்கு 2022.

நேரில் பேசப் போகும்போது

பட்டியலைக் கையில் வைத்துக்கொண்டு போங்கள். வெறுங்கையோடு போய் “உங்கள் வாழ்க்கையைப் பற்றிச் சொல்லுங்கள்” என்றால், நூறு பேட்டியில் சொன்ன அதே மூன்று கதைகளைச் சொல்லி அனுப்பிவிடுவார்கள். மூத்த நடிகையை ‘அம்மா’ என்று அழைப்பதே நம் வழக்கம். ஆனால் கட்டுரையில் அவரைப் பெயரால்தான் குறிப்பிட வேண்டும். முதல் சந்திப்பில் ஒலிப்பதிவுக் கருவியை வெளியே எடுக்கும் முன் அனுமதி கேளுங்கள்.

பெரிய கேள்விகளைவிடச் சின்னக் கேள்விகள் அதிகம் தரும். காலை எத்தனை மணிக்குக் கார் வரும்? தலைமுடி யார் செய்வார்கள்? அவுட்டோரில் உடை மாற்ற எங்கே போவீர்கள்? கால்ஷீட் இரண்டு படத்துக்கும் மோதினால் யாரிடம் சொல்வீர்கள்? குழந்தையை யார் பார்த்துக்கொண்டார்கள்? பெண்களுக்குச் செட்டில் கழிப்பறைகூட இல்லாத காலத்தைப் பற்றி ஒரு கேள்வி கேட்டுவிட்டு நான் அரை மணி நேரம் வாயைத் திறக்காமல் கேட்டுக்கொண்டிருந்தது உண்டு.

நினைவில் ஆண்டு தங்காது; நிகழ்ச்சி தங்கும். ஒரு மூத்த துணை நடிகையின் வீட்டில் நடந்ததைச் சொல்கிறேன். கட்டிலுக்கு அடியிலிருந்து துருப்பிடித்த டிரங்குப் பெட்டியை அவர் காலால் இழுத்தார். உள்ளே பழைய பட்டுப்புடவையில் சுற்றிய ஸ்டில்கள். ஒரு படத்தை எடுத்து, விளிம்பில் ஒட்டியிருந்த எண்ணெய்ப் பிசுக்கை முந்தானையால் துடைத்தார். அதில் அவர் ஒரு மாட்டுக் கொட்டகை வாசலில் கூடையோடு நிற்கிறார். “எந்த வருஷம் அம்மா?” என்றேன். தெரியவில்லை. “இது எடுத்து மூணாம் நாள் எம்.ஜி.ஆர். போயிட்டார். பஸ் இல்லை. ஐந்து நாள் அந்த ஊர்ச் சத்திரத்தில் கிடந்தோம்” என்றார். எம்.ஜி.ஆர். மறைந்தது 1987 டிசம்பர் 24. ஆகவே அந்த ஸ்டில் டிசம்பர் 21 அல்லது 22. எந்தப் பட்டியலிலும் இல்லாத ஒரு தேதி இப்படிக் கிடைத்தது. இந்திரா காந்தி சுடப்பட்ட நாள், பெரும்புயல், மகனின் பத்தாம் வகுப்புத் தேர்வு, அக்காள் கல்யாணம் என்று எதையாவது பிடித்துக்கொண்டு கேளுங்கள். அவர் சொன்ன நிகழ்ச்சிக்கு நாளிதழில் தேதி பார்த்துக்கொள்வது உங்கள் வேலை.

அவர் சொன்னதும் உங்கள் பட்டியலும் முரண்பட்டால் அங்கேயே வாதாட வேண்டாம். “பாட்டுப் புத்தகத்தில் இப்படி இருக்கிறது, அம்மா” என்று தாளை முன்னால் வையுங்கள். சில நேரம் அவர் திருத்திக்கொள்வார். சில நேரம் தாள் ஏன் தவறு என்று அவர் சொல்லும் காரணமே உங்கள் கட்டுரையின் சிறந்த பத்தியாக ஆகிவிடும்.

எதை எழுதக்கூடாது

கிசுகிசுத் துணுக்கு சான்று ஆகாது. ‘மூன்றெழுத்து நடிகை’ என்று தொடங்கும் எதையும் குறிப்பேட்டிலேயே சேர்க்காதீர்கள். பழைய இதழில் அச்சானது என்பதால் அது உண்மையாகிவிடாது. அன்று காயப்படுத்தியதை இன்று மறுபதிப்புச் செய்வதாகவே முடியும். அவதூறு இந்திய நியாயச் சட்டத்தின் 356ஆவது பிரிவின்கீழ் குற்றமாகிறது என்பதையும் நினைவில் வையுங்கள். ஆனால் சட்டத்துக்குப் பயந்து மட்டும் இதைச் சொல்லவில்லை.

திருமணம், மணமுறிவு, நோய் ஆகியவற்றை எப்போது எழுதலாம்? அவரே வெளிப்படையாகப் பேசியிருக்க வேண்டும்; அல்லது அது அவருடைய தொழிலை நேரடியாக மாற்றியிருக்க வேண்டும். திருமணத்துக்குப் பின் நான்கு ஆண்டு நடிக்கவில்லை என்றால் எழுதலாம், அதுவும் இரண்டு வரியில். அதற்குமேல் கணவரின் வரலாறு வேண்டாம். எழுதி முடித்த பிறகு ஒரு சோதனை செய்யுங்கள்: ஒரு வண்ணப் பென்சிலால் அவருடைய வேலையைப் பற்றிய வரிகளையும், இன்னொன்றால் அவருடைய உறவுகளைப் பற்றிய வரிகளையும் அடிக்கோடிடுங்கள். இரண்டாவது வண்ணம் பாதிக்கு மேல் இருந்தால் மீண்டும் எழுதுங்கள். ஒரு நடிகரைப் பற்றி எழுதும்போது நாம் யாரும் அப்படி எழுதுவதில்லையே.

வயதை அவர் சொல்ல விரும்பாவிட்டால் விட்டுவிடலாம்; முதல் படத்தின் ஆண்டு போதும். வீட்டு முகவரி, பிள்ளைகள் வேலை பார்க்கும் இடம், பேரக்குழந்தைகளின் படம் எதுவும் வேண்டாம். படப்பிடிப்பில் நேர்ந்த துன்புறுத்தல் பற்றி அவர் மனம் திறந்தால், எதை வெளியிடலாம், எதைத் தனக்குள் வைத்துக்கொள்ள விரும்புகிறார் என்று அவரையே கேளுங்கள். ஒரு முறை கேட்டது போதாது. அச்சுக்குப் போகும் முன் மறுபடியும் கேளுங்கள்.

ஸ்டில்களைப் பயன்படுத்தவும் அனுமதி வேண்டும். ஒவ்வொரு ஸ்டிலுக்குப் பின்னாலும் ஒரு புகைப்படக் கலைஞரும் ஒரு தயாரிப்பு நிறுவனமும் உண்டு. படத்தின் பின்புறத்தில் முத்திரை இருக்கும், பாருங்கள்.

எழுதி முடித்ததும்

பட்டியல், குறிப்பு, பேட்டி எல்லாம் சேர்ந்த பிறகு கட்டுரையை எந்த இடத்தில் தொடங்குவது என்று தானே தெரிந்துவிடும். பிறப்பில் தொடங்க வேண்டும் என்ற கட்டாயம் கிடையாது. அவர் மிக நன்றாகச் செய்த ஒரு வேலையில் தொடங்குங்கள். ஒரு காட்சி, ஒரு தொடரின் ஒரு பகுதி, ஒரு நாடக மேடை. பிறந்த ஊர் மூன்றாவது பத்தியில் வந்தால் ஒன்றும் குடி முழுகிவிடாது.

அச்சுக்குக் கொடுக்கும் முன் கட்டுரையை அவருக்கோ குடும்பத்தாருக்கோ வாசித்துக் காட்டுங்கள். புகழ்ச்சி குறைவாக இருக்கிறதென்று சொன்னால் புன்னகையோடு கேட்டுக்கொள்ளுங்கள். பெயர், ஆண்டு, ஊர் தவறு என்று சொன்னால் உடனே பென்சிலை எடுங்கள். டிரங்குப் பெட்டி வைத்திருந்த அந்த அம்மாவுக்கு நான் முழுவதையும் வாசித்தேன். நடுவில் எங்கும் குறுக்கிடவில்லை. முடிந்ததும் கண்ணாடியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு, இருபத்தாறு ஆண்டுகள் தனக்குத் தலைமுடி செய்த பெண்ணின் பெயர் எங்கே என்று கேட்டார். அதைக் கேட்க எனக்குத் தோன்றவே இல்லை. அவர் சொல்லச் சொல்ல எழுதிக்கொண்டேன்: பெயர், அவர் வந்த ஊர், எந்தப் படத்திலிருந்து எந்தத் தொடர் வரை. இரண்டாவது பத்திக்குக் கீழே அதற்கு இடம் கிடைத்தது.